எங்கள் வீட்டு ராகு காலம்

மணி என்ன என்று யாராவது என்னைக் கேட்டால் எனக்குக் கோபம்தான் வரும். இருபது வருடத்துக்கு மேலாக ஒரே வீட்டில் மூன்று விதமான மணியோடு குடும்பம் நடத்தியவள் நான். கேட்கிறவர்களுக்கு அந்தக் கஷ்டம் எங்கே தெரியப் போகிறது? "கையிலதான போன் வெச்சிருக்கீங்க, பாருங்களேன்" என்று சொல்லிவிட்டு என் வேலையைப் பார்ப்பேன்.

என் வீட்டுக்காரர் எங்கள் கெடா மாநிலத்துச் சுங்கை பட்டாணியில் ஒரு தொழிற்சாலையில் மெஷின் பழுது பார்க்கிறவர். அது வயிற்றுக்கு. மனசுக்கு அவர் பார்த்த வேலை நேரத்தை நீட்டுவதும் சுருக்குவதும். நீங்கள் சிரிப்பீர்கள். கல்யாணமான புதிதில் நானும் விழுந்து விழுந்து சிரித்தவள்தான்.

இந்தக் கிறுக்கு அவருக்குப் பிறவியிலேயே வந்தது. இங்கே தீபகற்பம் முழுக்கக் கடிகாரத்தை அரை மணி நேரம் முன்னால் தள்ளி வைத்தார்கள் அல்லவா, அந்த ஆங்கில வருடப் பிறப்பு இரவில்தான் பீடோங் பக்கத்து ரப்பர் தோட்டமொன்றில் அவர் பிறந்தார். தோட்டத்து ஆஸ்பத்திரியில் டாக்டருக்குப் பதிலாக இருந்த டிரெசர் பிறந்த நேரத்தைச் சொல்லிவிட்டுப் போய்விட்டார். அவர் பார்த்த கடிகாரம் முன்னமே தள்ளி வைத்ததா, இன்னும் தள்ளாததா என்று அப்போது யாரும் கேட்கவில்லை. பிறகு கேட்கலாம் என்றால் டிரெசர் வேலை மாறி எங்கேயோ போய்விட்டார். என் மாமியாரைக் கேட்டால், "நான் வலியில கெடந்து துடிச்சேன், மணியையா பாத்துக்கிட்டு இருந்தேன்?" என்பார். அதுவும் நியாயம்தானே!

ஆகவே அவருக்கு இரண்டு ஜாதகம். ஒன்றில் ஒரு லக்னம், இன்னொன்றில் வேறு லக்னம். ஒரு ஜாதகக்காரர் பொறுமைசாலி, அடக்கமானவர். இன்னொருவர் ஊர் சுற்றுவார், முன்கோபி. பெண் பார்க்க வந்தபோது பொருந்துகிற ஜாதகத்தைக் கொண்டுவந்து காட்டிவிட்டார்கள். நான் யாரைக் கட்டிக்கொண்டேன் என்பது எனக்கு இன்றுவரை புரியவில்லை. ஒரு நாள் இவராக இருப்பார், மறுநாள் அவராக இருப்பார்.

"எங்கிட்டருந்து அர மணி நேரத்தப் புடுங்கிட்டானுங்க. நான் திருப்பி எடுக்காம விடமாட்டேன்" என்று அடிக்கடி சொல்வார். நான் விளையாட்டுப் பேச்சு என்று நினைத்தேன். மகள் பிறந்த வருடம் ஒரு பழைய பிஸ்கட் டின்னுக்குள் ஏதேதோ போர்டையும் வயரையும் வைத்து ஈயத்தால் ஒட்டி, அதை அரிசி டின்னுக்குப் பக்கத்தில் கொண்டுவந்து வைத்தார். கூடத்தில், சமையலறையில், படுக்கையறையில் இருந்த கடிகாரங்களுக்கெல்லாம் அதிலிருந்து வயர் இழுத்தார். பிறகு என்னைக் கூப்பிட்டு நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னார்:

"இனிமே நம்ம வீட்டுல ராகு காலம் பாதிதான்."

எனக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. அவர் விளக்கினார். ராகு காலம் ஆரம்பித்ததும் டின் கடிகாரங்களை விரட்டும். ஒன்றரை மணி நேரத்தை முள் அவசர அவசரமாகக் கடந்துவிடும். முன்னால் ஓடிய நேரத்தை ஈடுகட்ட, பிற்பாடு நல்ல நேரத்தில் முள் மெதுவாக நடக்கும். சாயங்காலம் டிவியில் செய்தி ஆரம்பிக்கும்போது நாட்டு மணியும் வீட்டு மணியும் ஒன்றாகிவிடும். கெட்டது சீக்கிரம் போகும், நல்லது நின்று நிதானமாக இருக்கும்.

"வெளிய ராகு காலம் அப்படியேதானங்க இருக்கும்?"

"வெளிய இருக்கிறது வெளிய இருக்கட்டும்லா. நம்ம வாசப்படி தாண்டி வந்தா நம்ம சொல்றதுதான்."

இந்த மனுஷனிடம் என்னத்தைப் பேசுவது? கடிகாரத்தைப் பார்த்து அடுப்பை அணைத்தால் ஒரு நாள் சோறு அரை வேக்காடு, ஒரு நாள் கஞ்சி. பாசாருக்குப் போனால் மீன்காரர் இன்னும் கடையையே விரித்திருக்க மாட்டார். எங்கள் தாமான் குடியிருப்பில் மற்ற பெண்கள் என்னைப் பார்த்து, "அக்கா, ஒங்க வீட்டு மணியா, எங்க வீட்டு மணியா?" என்று கேட்டுச் சிரிப்பார்கள். சிரிப்பவர்களே மத்தியானம் வந்து, "அண்ணன்கிட்ட கேட்டுச் சொல்லுங்க, இப்ப காடிய எடுத்துக்கிட்டு வெளிய கெளம்பலாமா?" என்றும் கேட்பார்கள்.

இது போதாதென்று மூன்றாவதாக ஒரு மணி. தமிழ்நாட்டிலிருந்து வரும் நாள்காட்டியில் ராகு காலத்தைக் காலை ஆறு மணிக்குச் சூரியன் உதிப்பதாக வைத்துத்தான் கணக்குப் போட்டிருப்பார்களாம். எங்கள் கெடாவில் ஏழு மணிக்கு மேல்தானே வெளிச்சம் வருகிறது? ஆகவே இங்கே ராகு காலம் ஒரு மணி நேரத்துக்கும் மேலே தள்ளித்தான் வர வேண்டும் என்று கோயிலில், கடையில், சாவு வீட்டில்கூட நின்று வாதாடுவார். ஒருத்தரும் கேட்கவில்லை. நாள்காட்டியில் போட்டிருப்பதுதான் ராகு காலம் என்று எல்லாரும் அதையே பிடித்துக்கொண்டிருந்தார்கள். நானும்தான். உண்மையைச் சொன்னால், ராகு காலத்தில் வீட்டைவிட்டுக் காலெடுத்து வைக்க எனக்கு இப்போதும் பயம்.

மகள் பள்ளியில் சேர்ந்த வருடம் பெரிய கூத்து நடந்தது. முந்தின சாயங்காலம் மெதுவாக்கிய முள்ளைப் பழைய வேகத்துக்குக் கொண்டுவர டின் மறந்திருந்தது தெரியாமல், ஒரு காலையில் அது சொன்ன மணியை நம்பிப் பிள்ளையை மெதுவாகச் சீவி முடித்து, ரிப்பன் கட்டி வாசலுக்குக் கொண்டுவந்தேன். பள்ளி பஸ் எப்போதோ போய்விட்டது. குழந்தை பையை மாட்டிக்கொண்டு தெருவிலேயே உட்கார்ந்து அழுதது. எனக்கு வந்த ஆத்திரத்தில் டின்னைத் தூக்கிக் கால்வாயில் எறியப் போனேன். அவர் ஓடிவந்து பிள்ளை முன்னால் குந்தினார்.

"அழாதம்மா. இனிமே நீ 'அப்பா, நெசமாவே மணி என்ன'ன்னு கேளு. 'நெசமாவே'ன்னு நீ கேட்டா அப்பா பொய் சொல்லவே மாட்டேன்."

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு உடனே கேட்டாள். அவரும் உடனே சொன்னார். அன்றிலிருந்து அது அந்த இரண்டு பேருக்குள் ஓர் ஒப்பந்தம். நான் 'நெசமாவே' என்று கேட்டால் மழுப்புவார். அவள் கேட்டால் மட்டும் பளிச்சென்று உண்மை வரும். இதில் எனக்குப் பொறாமை இல்லை என்று சொன்னால் அது பொய்.

பிறகு எங்கள் தாமான் கோயிலில் அவருடைய புகழ் கேட்டு, சன்னிதிக்கு எதிரே ஒரு பெரிய கடிகாரம் செய்து தரச் சொன்னார்கள். சிவப்பு எண்கள் ஒளிரும். பூஜை நேரம் வந்தால் மணியும் மேளமும் தானாக அடிக்கும். எல்லாரும் கையெடுத்துக் கும்பிட்டார்கள், சாமியையும் கடிகாரத்தையும் சேர்த்து. அந்தக் கடிகாரத்துக்கும் ஒரு சின்ன ரிமோட் இருக்கிறது என்பதும் அது அவர் சட்டைப்பையில் இருக்கிறது என்பதும் எனக்கு மட்டும்தான் தெரியும்.

மகளுக்கு இருபத்திரண்டு வயதாகும்போது கூலிமில் கூட வேலை பார்த்த பையனைப் பிடித்திருக்கிறது என்று சொன்னாள். ஜித்ராவில் வீடு. நல்ல பையன், தலையைக் குனிந்து பேசுகிறான். பையனுக்கு அப்பா இல்லை. அம்மாதான் எல்லாம். அந்த அம்மா எங்கள் கூடத்தில் உட்கார்ந்து, தேத்தண்ணியைத் தொடாமலே சொன்னார்:

"எனக்கு வேற ஒண்ணும் வேணாம் சம்மந்தி. சீர் வேணாம், நகை வேணாம். நேரம் மட்டும் தவறக் கூடாது. எம் மூத்த மகளுக்கு முகூர்த்தம் தவறித்தான் தாலி ஏறிச்சு. வருஷம் திரும்புறதுக்குள்ள வீட்டுக்கு வந்துட்டா. இன்னொரு தடவ அதத் தாங்க எனக்குத் தெம்பில்ல. நேரம் தப்பிச்சுன்னா மகனக் கூட்டிக்கிட்டு எந்திரிச்சிருவேன். அப்புறம் என்னக் குத்தம் சொல்லக் கூடாது."

அவர் பேசும்போது எங்கள் சுவர்க் கடிகாரம் ராகு காலத்தில் ஓடிக்கொண்டிருந்தது. மகள் அதைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். நான் தரையைப் பார்த்தேன்.

கல்யாணத்தைச் சனிக்கிழமை காலை எங்கள் கோயிலில் வைத்தோம். கெடாவில் வெள்ளியும் சனியும்தானே விடுமுறை. சனிக்கிழமை ஒன்பது மணிக்கு ராகு காலம் பிறந்துவிடும். அதற்குள் தாலி ஏறிவிட வேண்டும். வேண்டிய நேரம் இருக்கிறது என்றுதான் எல்லாரும் சொன்னார்கள்.

அன்றைக்குப் பார்த்து நெடுஞ்சாலையில் குரூண் பக்கம் ஒரு லாரி கவிழ்ந்து கிடந்தது. மாப்பிள்ளை வீட்டு பஸ் நடுவில் மாட்டிக்கொண்டது. போனில் பேசினால், "இதோ நகருது, இதோ நகருது" என்கிறார்கள். மகள் அலங்காரத்தோடு உள்ளறையில் உட்கார்ந்திருக்கிறாள். மணவறைவரை வந்த பெண் தாலி ஏறாமல் திரும்பினால் இந்த ஊர் என்ன பேசும்? எனக்கு ஊர்ப் பேச்சுகூடப் பெரிதில்லை. என் பிள்ளை அந்தப் பையனை எவ்வளவு ஆசைப்படுகிறாள் என்பது எனக்குத் தெரியும்.

நான் அவரைத் தேடினேன். மனுஷன் தூணோரமாக நின்று சட்டைப்பைக்குள் கையை விட்டுக்கொண்டிருந்தார். சன்னிதிக்கு எதிரே சிவப்பு எண்கள் சோம்பேறித்தனமாக மாறத் தொடங்கின. எனக்கு விளங்கிவிட்டது. வாழ்நாளில் முதல் தடவையாக அந்தக் கிறுக்கை நான் மனசாரக் கும்பிட்டேன்.

கூட்டத்தில் எல்லாருடைய கையிலும் போன் இருந்தது. பார்த்தால் தெரிந்துவிடும். ஆனால் ஒருத்தரும் பார்க்கவில்லை! மெல்ல மெல்ல ஒவ்வொருத்தராகப் போனைப் பைக்குள் போட்டுக்கொண்டார்கள். ஐயர் தன் போனை மடியில் செருகிவிட்டு, கோயில் கடிகாரத்தை மட்டும் பார்த்துக்கொண்டு மந்திரத்தை இழுத்து இழுத்துச் சொன்னார். நாதஸ்வரக்காரர் முடிந்த பாட்டையே திரும்ப வாசித்தார்.

கடைசியில் பஸ் வந்து நின்றது. முதலில் இறங்கியது மாப்பிள்ளையின் அம்மா. பட்டுச் சேலை கசங்கி, பொட்டு வியர்வையில் கரைந்து, கைக்கடிகாரம் கட்டிய கையைத் தூக்கிப் பிடித்தபடி ஓடிவந்தார்.

"நேரம் இருக்கு, நேரம் இருக்கு! பாருங்க, இன்னும் நெறைய இருக்கு!"

நான் அவருடைய கடிகாரத்தைப் பார்த்தேன். கோயில் கடிகாரத்தைப் பார்த்தேன். எனக்குத் தலை கிறுகிறுத்தது. இவர் மெதுவாக்கி வைத்த கோயில் கடிகாரத்தைவிட அந்தக் கைக்கடிகாரம் இன்னும் பின்னால் இருந்தது! அந்த அம்மாவும் சிவப்பு எண்களைப் பார்த்துவிட்டு, "ஒங்க கோயில் கடியாரம் கொஞ்சம் வேகமா ஓடுது போல சம்மந்தி" என்றார்.

என் வீட்டுக்காரர் வாயைப் பிளந்துகொண்டு நின்றார். பிறகு என் காதோரம் குனிந்து, "ஆத்தாடி, இது எனக்கு மேல பெரிய ஆளா இருக்கே!" என்றார். எனக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன.

மாப்பிள்ளையை அவசரமாக மணவறையில் உட்கார வைத்தார்கள். மகளைக் கூட்டிவந்தேன். ஐயர் தாலியைத் தட்டில் வைத்து எல்லாரிடமும் காட்டி வாங்கி, மாப்பிள்ளை கையில் கொடுத்தார். அவன் இரண்டு கையாலும் எடுத்து நீட்டினான். கெட்டிமேளம் சொல்ல ஐயர் கையைத் தூக்கினார். அப்போது என் மகள் தலையை நிமிர்த்தினாள்.

"அப்பா."

"என்னாம்மா?"

"நெசமாவே மணி என்ன?"

என் உயிர் என் கையில் இல்லை. வேண்டாம், வேண்டாம் என்று அவரிடம் கண்ணால் கெஞ்சினேன். ஒரு பொய்தானே! ஊரையே ஏமாற்றியவர், வீட்டையே ஏமாற்றியவர், பெற்ற பெண்ணுக்காக ஒரே ஒரு பொய் சொன்னால் என்ன குடிமுழுகிப் போய்விடும்?

அவர் கடிகாரத்தைப் பார்க்கவில்லை. அவளையே பார்த்துக்கொண்டு சொன்னார்: "ஒம்பது தாண்டிருச்சும்மா. ராகு காலம் பொறந்திருச்சு."

கெட்டிமேளம் சொல்லத் தூக்கிய கையை ஐயர் கீழே இறக்கினார். மாப்பிள்ளை தாலியை நீட்டியபடியே இருந்தான். எனக்கு அந்த மனுஷனை அங்கேயே அடித்துக் கொன்றுவிடலாம் போலிருந்தது. எல்லாக் கண்களும் அந்த அம்மாவின் பக்கம் திரும்பின.

மகளும் அவரைத்தான் பார்த்தாள். குரல் உடைந்தாலும் தெளிவாகவே பேசினாள்.

"அத்த, சின்னப் புள்ளையிலேருந்து எங்கப்பா எனக்காக ராகு காலத்த வெரட்டிக்கிட்டே இருந்தாரு. எனக்கு அதுமேல பயம் இல்ல. ஆனா பொய் மணியில கட்டிக்கிட்டா நாளைக்கு ஒரு சண்ட வந்தாக்கூட அதத்தான் நெனப்போம். தெரிஞ்சே கட்டிக்கிறேன். ஒங்களுக்கு வேணாம்னா சொல்லிடுங்க, இப்பவே எந்திரிச்சிர்றேன்."

அந்த அம்மா தன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். அவருடைய மூத்த மகள் பின்னால் நின்று அம்மாவின் தோளில் கையை வைத்தாள். அந்த அம்மா திடீரென்று மகனைப் பார்த்து ஒரு அதட்டல் போட்டார் பாருங்கள்!

"ஏண்டா மரம் மாதிரி ஒக்காந்திருக்க? என் வாட்சுல இன்னும் நேரம் இருக்கு. கட்டுடா!"

கெட்டிமேளம் கோயிலையே தூக்கியது. யார் பூ போட்டார்கள், யார் அரிசி போட்டார்கள் என்று எனக்குத் தெரியாது. கண்ணீரில் ஒன்றுமே தெரியவில்லை.

பந்தியில் எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்து அந்த அம்மா பாயசத்தை வடையோடு பிசைந்துகொண்டே மெதுவாகச் சொன்னார்.

"குரூண்லயே திருகி வெச்சிட்டேன் சம்மந்தி. பஸ் நகரல. எனக்குக் கையுங் காலும் ஓடல. நான் பயந்து பயந்து வாட்ச திருகினேன். ஒங்க மக பயப்படாம மணியக் கேட்டுச்சு. அதுக்கப்புறம் நான் என்னத்தப் பேச?"

நான் அவருடைய கையைப் பிடித்துக்கொண்டேன். கோயில் கடிகாரத்தைப் பற்றி நானும் சொல்லிவிடலாமா என்று வாய்வரை வந்தது. பக்கத்தில் ஐயர் சாப்பிட்டுக்கொண்டிருந்ததால் விழுங்கிவிட்டேன்.

ஆனால் ஒரு விஷயம் எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. வீட்டுக்கு வந்ததும் அவரைப் பிடித்து உலுக்கிக் கேட்டேன்.

"இத்தன வருஷமா சூரியக் கணக்குப்படி இங்க ராகு காலம் தள்ளித்தான் வரும்னு தொண்டத் தண்ணி வத்தக் கத்துனீங்கல்ல? அதச் சொல்லியிருந்தா அப்ப நல்ல நேரமாத்தான இருந்திருக்கும்? அதுல பொய்யும் இல்லையே! ஏன் சொல்லல?"

வேட்டியை மடித்து வைத்துக்கொண்டே சாதாரணமாகச் சொன்னார்: "அவ சூரியனையா கேட்டா? மணியத்தானே கேட்டா."

இப்போது சொல்லுங்கள், என் மகளுக்குத் தாலி ஏறியது நல்ல நேரத்திலா, கெட்ட நேரத்திலா? நாள்காட்டிப்படி கெட்ட நேரம். சூரியன்படி நல்ல நேரம். கோயில் கடிகாரப்படி முகூர்த்தத்தின் கடைசி. சம்மந்தியின் கைக்கடிகாரப்படி நிறையவே நேரம் இருந்தது. விளக்கேற்றும்போது எந்த மணியை நினைத்து வேண்டிக்கொள்வது என்று தெரியாமல் பல நாள் தீக்குச்சியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றிருக்கிறேன். குச்சி விரலைச் சுட்ட பிறகுதான் நினைவு வரும்.

மகள் ஜித்ராவுக்குப் போய்விட்டாள். வீடு ஓவென்று கிடந்தது. கொஞ்ச நாள் அவர் டின் பக்கமே போகவில்லை. அரிசி அளக்கும்போது அதன்மேல் தூசி படிந்திருப்பதைப் பார்ப்பேன். அவள் இல்லாத வீட்டில் எந்த நேரத்தை விரட்டுவது, எந்த நேரத்தைப் பிடித்து வைப்பது என்று அவருக்கே தெரியவில்லை போலிருக்கிறது.

ஒவ்வொரு சனிக்கிழமையும் ஒன்பது மணிக்கு மேல் அவள் போன் போடுவாள். ராகு காலத்தில் ஏன் கூப்பிடுகிறாய் என்று நான் முதல் வாரமே கத்தினேன். "அதாம்மா என் முகூர்த்த நேரம்" என்று சிரித்தாள். அப்பாவும் மகளும் போனை மேசையில் வைத்து முகம் பார்த்துப் பேசுவார்கள். அங்கே என்ன சமையல், மாமியாரின் முட்டிவலி எப்படி இருக்கிறது, பழுதான அரிசிக்குக்கரைத் திறந்தால் உள்ளே எந்த வயரைத் தொடக் கூடாது, எல்லாம் பேசுவார்கள். நான் நடுநடுவே தலையை நீட்டுவேன்.

போன சனிக்கிழமை அவர்கள் பேசிக்கொண்டிருக்கும்போது நான் உளுந்து ஊறப்போட்டேன், துணி காயப்போட்டேன், கோழி வெட்டிக் கழுவினேன். இவ்வளவு வேலை முடித்துவிட்டுக் கூடத்துக்கு வந்து பார்த்தால் சுவர்க் கடிகாரத்தில் முள் நகர்ந்த மாதிரியே தெரியவில்லை. எனக்கு மறுபடியும் தலை சுற்றியது. சமையலறைக்குப் போய் அரிசி டின்னுக்குப் பக்கத்தில் பார்த்தேன். பிஸ்கட் டின்னின் மேல் தூசி இல்லை. சுத்தமாகத் துடைத்திருந்தது.

கூடத்தில் மகளின் குரல் கேட்டது.

"சரிப்பா, வைக்கட்டா? நேரமாயிருச்சு."

"எங்கம்மா ஆச்சு? நம்ம வீட்டுல ராகு காலமே இன்னும் முடியல. இன்னும் நெறைய இருக்கு."

நான் கதவோரமாக நின்றேன். போனில் அவளுடைய முகம் தெரிந்தது. அவளுக்குப் பின்னால் ஜித்ரா வீட்டுச் சுவரிலும் ஒரு கடிகாரம் மாட்டியிருந்தது. திரும்பிப் பார்த்தால் போதும். அதுகூட வேண்டாம், அந்த ஒரு வார்த்தையைச் சேர்த்துக் கேட்டால் போதும், அவர் உண்மையைச் சொல்லிவிடுவார்.

அவள் அவரையே பார்த்தாள். பிறகு நாற்காலியில் காலை மடித்து நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்தாள்.

"அப்படியா? சரி, சொல்லுங்கப்பா" என்றாள்.